ஓமப்புகை

புரை எடுத்த இடது கண்ணுக்கு
டொக்டர் தந்த துண்டில்
சொட்டு மருந்தின் பெயர் மேலே.
என்ன தொழில் என்று கேட்டவ,
சொன்னதும் மூடிய பேனையைத் திரும்பத் திறந்தவ:
"நாலு கிழமைக்குக் கண்ணில் மை வேண்டாம்.
உதட்டுக்குப் பூசலாம்."

டைக் வீதியில் என் சலூன்.
கடற்பக்க ஜன்னலைத் திறந்தால் பவுடர் பறக்கும்,
பூட்டினால் ஹெயார் ஸ்ப்ரே நிற்கும்.
கறுப்புக் கண்ணாடி போட்டபடி
வாசல் கதிரையில் நான்.
இப்போது பஸ்மிலாதான் கை.
நான் வாய்.

"இமையின் உள் வரம்பைத் தொடாதே, பிள்ளை.
பஞ்சை நனை, வை, பத்து எண்ணு,
பிறகு எடு. தேய்க்காதே."
இருபது வருஷம் தேய்த்துத்தான் எடுத்தேன்.
புதிதாய் வேதத்துக்குச் சேர்ந்தவள் போல
இப்போது ஓதிக்கொண்டிருக்கிறேன்.

முதல் கிழமை முகம் கழுவவும் தடை.
ஈரத்துணியால் நெற்றி, கன்னம், நாடி.
கண்ணைச் சுற்றி ஒரு தீவு விட்டுத் துடைத்தேன்.
இரவில் ஓட்டை ஓட்டையாய் ஒரு மூடி,
அதன் மேல் பெருக்கல் குறியாய்ப் பிளாஸ்டர்.
இடியப்பத் தட்டுக்குள்ளால் என்னைப் பார்க்கிறாய்
என்றது மனுசன்.

உப்புவெளியிலிருந்து வந்த ஒரு தாய்
என் வெறுங்கண்ணைப் பார்த்தா,
பஸ்மிலாவின் வயதைப் பார்த்தா,
எடுத்த முற்பணத்தை எண்ணாமலே
கைப்பைக்குள் திரும்ப வைத்தா.

பஸ் நிலையத்தில் மான்கள்
பிறக்கும்போதே எழுதிவிட்ட கண்களோடு
சோற்றுப் பார்சல் தாளை மென்றுகொண்டு நின்றன.
ஒருவருடைய பென்சிலும் அவற்றுக்குத் தேவையில்லை,
ஒருவருடைய கிருமியும்.

மூன்றாம் கிழமை லாச்சியைக் கவிழ்த்தேன்.
பழசெல்லாம் எறியுங்கோ என்றவ டொக்டர்.
மஸ்காரா மட்டும் பதினொன்று.
சீவிச் சீவிச் சுண்டுவிரல் ஆகிப்போன பென்சில்கள்.
ஒன்றாலேயே மணப்பெண்ணுக்கு,
பிறகு தோழிக்கு, தோழியின் தங்கைக்கு,
பிறகு கண்ணாடி முன் சும்மா நின்ற மச்சாளுக்கு.
எச்சில் பீங்கானில் சாப்பிடமாட்டோம்.
எச்சில் கண் என்று எங்களிடம் ஒரு சொல் இல்லை.

ஒரு குட்டைப் பென்சிலில் கை நின்றது.
வினோதரூபி. வில்லூன்றிக் கோவில் கலியாணம்.
தாலி ஏறும்போது
அவளது வலக்கண் மிளகாய்ப்பழம்.
என்னைத் தேடி வந்து கேட்டார்கள்.
ஓமப்புகை என்றேன்.
ஐயரும் ஓம் என்றார்.
வீடியோக்காரன் இடப்பக்கம் மாறி நின்றான்.

எல்லாவற்றையும் சொப்பிங் பையில் கட்டி
நகரசபை வண்டிக்குக் கொடுத்தேன்,
அந்த ஒன்றைத் தவிர.

ஐந்தாம் கிழமை. இனி எழுதலாம் என்றது கிளினிக்.
வரும் வழியில் மீன் சந்தை.
பாரைக்கு விலை பேசிக்கொண்டு அவள்,
இடுப்பில் ஒரு பொடியன்.
சொன்னேன்.
அது புகை இல்லை ரூபி, என்ர பென்சில்.

மீனின் கண்ணை விரலால் அழுத்திப் பார்த்தபடியே
அவள் சொன்னாள்:
"முதல் நாள் விடிய விடிய அழுதனான், அக்கா.
புகையுமில்லை, உங்கட பென்சிலுமில்லை."
பாரையைத் துண்டு போடச் சொன்னாள்,
தலை வேண்டாம் என்றாள்.
ஏன் அழுதாய் என்று
நான் அன்றும் கேட்கவில்லை, இன்றும்.

வீட்டில் புதுப் பென்சிலை உடைத்து
உறையில் திகதி எழுதினேன்.
வெளி ஓரத்தில், மெல்ல, பாதிக் கோடு.
கை நடுங்க நிறுத்திவிட்டேன்.
மற்றக் கண்ணுக்குத் தை மாதம் ஒப்பரேஷன்.
அதற்கு வேறு பென்சில் வேண்டும்,
இன்னும் வாங்கவில்லை.

லாச்சியை இழுக்கும்போதெல்லாம்
அந்தக் குட்டைப் பென்சில்
முன்னால் உருண்டு வந்து
பலகையில் முட்டி நிற்கிறது.